விழுங்க முடியாதவருக்கும் ஒரு வழி: மருத்துவ மேதை இப்னு ஸுஹ்ர்

தரம் 13, உயிரியல் பிரிவு

மருத்துவத்துக்கு முஸ்லிம்கள் ஆற்றிய பணி என்றதும் நம் நினைவுக்கு முதலில் வருபவர் இப்னு ஸீனா. அடுத்து அர்ராஸி. அறுவைச் சிகிச்சை என்றால் அஸ்ஸஹ்ராவி. இந்த வரிசையில் நான்காவதாகவோ ஐந்தாவதாகவோ வந்து, இறந்த ஆண்டோடும் ஒரு நூலின் பெயரோடும் முடிந்துவிடுபவர் இப்னு ஸுஹ்ர். பரீட்சைக்கு அது போதுமாக இருக்கலாம். ஆனால் வாயால் ஒரு மிடறு தண்ணீர்கூடக் குடிக்க முடியாத நோயாளி பட்டினியால் இறந்துவிடக் கூடாது என்பதற்காக, ஏறக்குறைய 900 ஆண்டுகளுக்கு முன்பே வழி தேடியவர் அவர். இன்று நம் நாட்டு வைத்தியசாலைகளில் மூக்கு வழியாகவோ வயிற்று வழியாகவோ குழாயினால் உணவு பெறும் ஒவ்வொரு நோயாளியின் கதையிலும் அவருக்கு ஒரு பங்கு உண்டு. ஆகவே அவரது வாழ்க்கையைச் சற்று விரிவாக அறிந்துகொள்வது பயனுள்ளது.

அன்னாரின் முழுப் பெயர் அபூ மர்வான் அப்துல் மலிக் இப்னு அபில் அலா ஸுஹ்ர். ஐரோப்பியர் அவரை அவென்ஸோர் என்று அழைத்தனர். கி.பி. 1090களின் தொடக்கத்தில், அந்தலூஸ் என்று அழைக்கப்பட்ட முஸ்லிம் ஸ்பெயினின் இஷ்பீலியா நகரில் அவர் பிறந்தார். இன்று செவில் என்று வழங்கும் இந்நகரம், பெரிய பள்ளத்தாக்கு என்று பொருள்படும் வாதில் கபீர் என்று அரபிகள் பெயரிட்ட ஆற்றின் கரையில் இருக்கிறது.

ஸுஹ்ர் குடும்பத்தில் வைத்தியம் தலைமுறை தலைமுறையாக வந்த தொழில். பாட்டனார் கிழக்கே கைரவானிலும் எகிப்திலும் மருத்துவம் கற்று, பணியாற்றிவிட்டு அந்தலூஸுக்குத் திரும்பி தானியா நகரில் குடியேறியவர். தந்தையார் அபுல் அலா இஷ்பீலியாவின் ஆட்சியாளர்களிடம் பெரும் மதிப்புப் பெற்ற வைத்தியர். அவரைப் பற்றிச் சுவையான செய்தி ஒன்று சொல்லப்படுகிறது. இப்னு ஸீனாவின் அல்கானூன் நூலின் அழகிய பிரதி ஒன்றை வணிகர் ஒருவர் அவருக்கு அன்பளிப்பாகக் கொண்டுவந்தாராம். வாசித்துப் பார்த்த அபுல் அலாவுக்கு அந்நூல் பிடிக்கவில்லை. தமது நூலகத்தில் அதை வைக்கவும் விரும்பாமல், பக்கங்களின் ஓரத்தில் எழுத்தில்லாத பகுதிகளை வெட்டியெடுத்து நோயாளர்களுக்கு மருந்துச் சீட்டு எழுதப் பயன்படுத்தினாராம். இப்னு ஸீனாவின் மேதைமை இதனால் குறைந்துவிடவில்லை. ஆனால் எவ்வளவு பெரியவர் எழுதியதானாலும் தன் அனுபவத்தோடு ஒப்பிட்டுப் பார்க்காமல் ஏற்பதில்லை என்ற பிடிவாதம் அந்த வீட்டில் இருந்தது என்பது இதிலிருந்து விளங்குகிறது. மகனும் அந்தப் பிடிவாதத்தோடுதான் வளர்ந்தார்.

இப்னு ஸுஹ்ர் மார்க்கக் கல்வியையும் மொழி இலக்கியத்தையும் கற்றபின் தந்தையிடமே மருத்துவம் பயின்றார். அக்காலத்து அறிஞர்கள் பலர் மருத்துவத்தோடு தத்துவம், வானியல், சட்டம் எனப் பல துறைகளில் ஈடுபட்டார்கள். இப்னு ஸுஹ்ரோ வாழ்நாள் முழுவதையும் மருத்துவத்துக்கே கொடுத்தார். இளமையிலேயே முராபித் ஆட்சியாளர்களின் குடும்பத்துக்கு வைத்தியரானார். அக்குடும்பத்து இளவரசர் இப்ராஹீம் இப்னு யூஸுபுக்காக 1121இல் அல்இக்திஸாத் என்ற நூலை எழுதினார்.

அரண்மனையின் அன்பு நிலையானதல்ல. முராபித் சுல்தான் அலீ இப்னு யூஸுபின் சினத்துக்கு ஆளாகி, மொரோக்கோவின் மராக்கிஷ் நகரில் அவர் சிறையில் அடைக்கப்பட்டார். ஊரும் குடும்பமும் கடலுக்கு அப்பால். செல்வாக்கோடு வாழ்ந்த மனிதருக்கு அது எத்தகைய சோதனையாக இருந்திருக்கும் என்பதை நாம் ஊகிக்கலாம். பின்னர் காலம் மாறியது. முராபித்களை வென்று முவஹ்ஹித்கள் ஆட்சிக்கு வந்தனர். 1147இல் இஷ்பீலியா அவர்கள் வசமானது. இப்னு ஸுஹ்ர் மீண்டும் தம் ஊரில் தொழிலைத் தொடர்ந்தார். கலீபா அப்துல் முஃமின் அவரைத் தமது வைத்தியராக்கிக் கண்ணியப்படுத்தினார். அவருக்காக உணவுகள் பற்றி, கிதாபுல் அஃக்திய்யா என்ற நூலை இப்னு ஸுஹ்ர் எழுதினார்.

இந்தக் கலீபாவோடு தொடர்புடைய செய்தி ஒன்றை, 13ஆம் நூற்றாண்டில் வைத்தியர்களின் வரலாற்றை எழுதிய இப்னு அபீ உஸைபிஆ பதிவுசெய்திருக்கிறார். கலீபாவுக்குப் பேதி மருந்து கொடுக்க வேண்டியிருந்தது. ஆனால் கசப்பான மருந்தைக் குடிக்க அவருக்கு விருப்பமில்லை. இப்னு ஸுஹ்ர் வற்புறுத்தவில்லை. தோட்டத்திலிருந்த திராட்சைக் கொடி ஒன்றுக்கு மருந்து கலந்த நீரைப் பாய்ச்சிவந்தார். அதில் பழுத்த குலையை கலீபாவிடம் கொடுத்து உண்ணச் சொன்னார். அவர் பத்துப் பழங்கள் உண்டதும், போதும் என்று நிறுத்திவிட்டார். அந்தப் பழங்களே மருந்தின் வேலையைச் செய்தன என்கிறது அந்த வரலாறு. கொடிக்கு ஊற்றிய மருந்து பழத்துக்கு வருமா என்று உயிரியல் படிக்கும் நாம் கேள்வி கேட்கலாம். ஆனால் மக்கள் அவரை எப்படிப்பட்டவராக நினைவில் வைத்திருந்தார்கள் என்பது இக்கதையில் தெரிகிறது. நோயாளியின் வாய் ஏற்க மறுத்தால், அந்த மறுப்போடு சண்டை பிடிக்காமல் வேறு வழி பார்ப்பவர் அவர்.

இன்னொரு செய்தியும் உண்டு. கலீபாவின் இல்லத்துக்குச் செல்லும் பாதையில் வயிறு வீங்கி, உடல் மஞ்சள் பூத்த ஏழை ஒருவர் படுத்திருப்பார். அவர் தம் நோயைச் சொல்லி முறையிடுவது வழக்கம். ஒருநாள் இப்னு ஸுஹ்ர் அவர் அருகே நின்று கவனித்தபோது, தலைமாட்டில் பழைய நீர்க்குடம் ஒன்று இருப்பதைக் கண்டார். குடத்தை உடைக்கச் சொன்னார். அது ஒன்றுதான் தன்னிடம் இருக்கிறது என்று அந்த மனிதர் கெஞ்சியும் கேட்கவில்லை. குடம் உடைந்ததும் உள்ளிருந்து பெரிய தவளை ஒன்று வெளிவந்தது. நாள்தோறும் அந்தத் தண்ணீரைத்தான் நோயாளி குடித்துவந்திருக்கிறார். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்தால்தான் நோய் விளங்கும் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது. குடத்தை உடைத்துப் பார்க்கலாம். மனித உடலை அப்படி உடைத்துப் பார்க்க முடியாதே! இந்தத் தடையோடுதான் அக்காலத்து வைத்தியர் ஒவ்வொருவரும் போராடினார்.

இப்னு ஸுஹ்ரின் தலைசிறந்த நூல் அத்தைஸீர். சிகிச்சையையும் உணவு ஒழுங்கையும் எளிதாக்கிக் கூறும் நூல் என்பது பெயரின் கருத்து. குர்துபாவின் மாபெரும் சிந்தனையாளர் இப்னு ருஷ்த் இவரைவிட ஒரு தலைமுறை இளையவர். ஆனாலும் இருவரும் நண்பர்கள். மருத்துவத்தின் பொதுக் கோட்பாடுகளை இப்னு ருஷ்த் தமது அல்குல்லிய்யாத்தில் எழுதினார். தலை முதல் கால் வரை ஒவ்வோர் உறுப்பின் நோயையும் அதற்கான சிகிச்சையையும் எழுதும் பொறுப்பை நண்பரிடம் விட்டார். பழங்கால கிரேக்க மருத்துவர் கேலனுக்குப் பின் தோன்றிய மிகப் பெரிய வைத்தியராக இப்னு ஸுஹ்ரை அவர் மதித்தார்.

இதயத்தைச் சுற்றியுள்ள உறையின் அழற்சியையும் நெஞ்சறையில் தோன்றும் கட்டிகளையும் பற்றி அத்தைஸீர் பேசுகிறது. மூச்சு அடைபட்ட நோயாளியின் வாதனாளியில் துளையிடலாம் என்று பழைய நூல்கள் கூறின. ஆனால் அக்காயம் ஆறாது என்ற அச்சம் வைத்தியர்களிடம் இருந்தது. இப்னு ஸுஹ்ர் ஓர் ஆட்டின் வாதனாளியை வெட்டி, தேன் கலந்த நீரால் கழுவிப் பராமரித்துப் பார்த்தார். காயம் ஆறியது, ஆடு நெடுநாள் உயிர் வாழ்ந்தது. இத்தனைக்கும் வெட்டுச் சிகிச்சை போன்ற கைவேலைகளை விரும்பிச் செய்பவர் அல்லர் அவர். தமக்குப் பிடிக்காத வேலையானாலும், மனிதரில் செய்வதற்கு முன் அது பாதுகாப்பானதா என்று அறிவது கடமை என அவர் கருதியிருக்க வேண்டும்.

இனி நம் கட்டுரையின் மையத்துக்கு வருவோம். நாம் உண்ணும் உணவு வாயிலிருந்து களத்தின் வழியே இரைப்பையை அடைகிறது. களத்திலோ தொண்டையிலோ புற்றுநோய் வந்தால் அந்த வழி சிறிது சிறிதாக ஒடுங்குகிறது. முதலில் இலேசான வலி, பிறகு சோறு இறங்காது, அப்புறம் கஞ்சியும் இறங்காது, கடைசியில் தண்ணீரும் நின்றுவிடும். களத்தின் இந்த நோயை அதன் படிப்படியான போக்கோடு இப்னு ஸுஹ்ர் விவரித்திருக்கிறார். தசைகள் செயலிழந்து விழுங்க முடியாமல் போகும் நிலையையும் அவர் கண்டிருக்கிறார். இத்தகைய நோயாளியின் இரைப்பையும் குடலும் நன்றாக இருக்கலாம். பசியும் இருக்கலாம். உணவு போய்ச் சேரும் பாதை மட்டும் அடைபட்டிருக்கிறது.

இந்நிலைக்கு அவர் மூன்று வழிகளைக் கூறினார். முதலாவது, வெள்ளியாலோ ஈயம் போன்ற வெண்ணிற உலோகமான தகரத்தாலோ செய்த குழாயை வாய்வழியாகச் செலுத்தி, அதன் மூலம் பால் போன்ற நீர்ம உணவைக் கொடுப்பது. இரண்டாவது, பால் முதலிய சத்துள்ள திரவத்தில் நோயாளியை அமரவைப்பது. மூன்றாவது, விலங்கின் சிறுநீர்ப்பையோடு வெள்ளிக் குழாயை இணைத்து, எனிமா முறையில் குடலின் கீழ்ப்பக்கமாகச் சத்துத் திரவத்தைச் செலுத்துவது.

இவற்றை இன்றைய அறிவோடு பார்ப்போம். தோல் வழியாக உடல் உணவைப் பெற முடியாது. எனவே இரண்டாவது வழி பயனற்றது. மூன்றாவது வழியை ஐரோப்பிய, அமெரிக்க வைத்தியர்கள் 19ஆம் நூற்றாண்டிலும் கையாண்டனர். 1881இல் சுடப்பட்டுப் படுக்கையில் கிடந்த அமெரிக்க ஜனாதிபதி கார்பீல்டுக்கும் இவ்வாறு உணவு கொடுத்தார்கள். ஆனால் பெருங்குடல் நீரையும் உப்புகளையும் உறிஞ்சுமே தவிர, ஒரு மனிதரைக் காப்பாற்றும் அளவு போசணையை உறிஞ்சாது. முதலாவது வழிதான் நிலைத்து நின்றது. அடைபட்ட இடத்தைக் குழாயால் கடந்து, நன்றாக இருக்கும் இரைப்பைக்கு உணவைச் சேர்ப்பது என்ற அந்த எண்ணம் இன்றுவரை மாறவில்லை. குழாயின் பொருளும் அது செல்லும் பாதையும்தான் மாறியிருக்கின்றன.

இது நம் வீடுகளுக்குத் தூரமான விடயம் அல்ல. எங்கள் உம்மம்மாவுக்குப் பாரிசவாதம் ஏற்பட்டபோது, மூக்கு வழியாகக் குழாய் போட வேண்டும் என்று வைத்தியர் சொன்னார். வீட்டில் பெரும் வாதம் எழுந்தது. குழாய் என்றால் இனிக் கடைசி என்றுதான் அர்த்தம், அந்த வேதனை வேண்டாம் என்றார் மாமா. உம்மாவோ கஞ்சியைக் கரைத்துத் தன் கையாலேயே ஊட்டிவிடலாம் என்று அழுதார். உம்மம்மா விழுங்கும்போது இருமக்கூட முடியாமல் இருப்பதையும், உணவு களத்துக்குப் போகாமல் வாதனாளிக்குள் இறங்கினால் நியூமோனியா வரும் என்பதையும் தாதி ஒருவர் பொறுமையாக விளக்கினார். குழாய் போட்டபின் எடுத்த எக்ஸ் கதிர்ப் படத்தில், நெஞ்சின் நடுவே நேராக இறங்கி, பிரிமென்றகட்டைத் தாண்டி இரைப்பையில் முடியும் வெள்ளைக் கோட்டை வைத்தியர் மாமாவுக்குக் காட்டினார். அதன் பிறகு மாமா எதுவும் பேசவில்லை. மூன்று வாரங்களின் பின் விழுங்கும் ஆற்றல் திரும்பியது. குழாயை எடுத்தார்கள். எல்லா நோயாளருக்கும் இப்படி முடிவதில்லை என்பதையும் அதே வாட்டில் கண்டோம். ஆனால் குழாய் என்பது கைவிடுவதன் அடையாளம் அல்ல என்பது எங்கள் குடும்பத்துக்கு விளங்கியது.

இப்னு ஸுஹ்ரிடம் இல்லாதது அந்த வெள்ளைக் கோடுதான். தாம் செலுத்திய வெள்ளிக் குழாய் எங்கே போகிறது என்பதை அவரால் பார்க்க முடியவில்லை. கையின் உணர்வையும் நோயாளியின் முகத்தையும் நம்பியே அவர் வேலை செய்தார்.

அவரது இறுதிக் காலம் பற்றியும் ஒரு செய்தி உண்டு. அவருக்கு அத்திப்பழம் மிகவும் பிடிக்கும். அல்பார் என்ற வைத்தியர் அதை உண்பது அரிது. இப்படி அத்திப்பழம் உண்டால் கொடிய கட்டி வரும் என்று அவர் எச்சரிக்க, உண்ணாமல் இருந்தால் உமக்கு வலிப்பு வரும் என்று இப்னு ஸுஹ்ர் பதில் சொன்னாராம். இருவரும் மற்றவர் சொன்னபடியே இறந்தார்கள் என்கிறது பழைய வரலாறு. இதில் அத்திப்பழத்துக்குக் குற்றம் எதுவும் இல்லை. எப்படியாயினும், இப்னு ஸுஹ்ர் கட்டி நோயினாலேயே ஹிஜ்ரி 557இல், அதாவது 1162 அளவில், பிறந்த ஊரான இஷ்பீலியாவில் காலமானார். தமக்குத் தெரிந்த மருந்துகளையெல்லாம் செய்து பார்த்தும் பலனில்லை. எத்தனையோ பேரின் கட்டிகளை விவரித்த கைக்குத் தன் கட்டியைக் குணமாக்க முடியவில்லை. அல்லாஹ்வின் நாட்டத்துக்கு முன் வைத்தியரும் நோயாளியும் ஒன்றே.

அவருடைய மகன் அபூ பக்ர் வைத்தியராகவும் புகழ்பெற்ற கவிஞராகவும் விளங்கினார். மாணவிகளாகிய நாம் அறிய வேண்டிய இன்னொரு செய்தி இருக்கிறது. இப்னு ஸுஹ்ரின் மகளும், அம்மகளின் மகளும் மருத்துவத்தில் தேர்ந்தவர்கள். குறிப்பாகப் பெண்களுக்கான சிகிச்சையில் அவர்களுக்கு நல்ல அனுபவம் இருந்தது. கலீபா அல்மன்ஸூரின் வீட்டுப் பெண்களுக்கு அவர்களே வைத்தியம் பார்த்தனர். 1199 அளவில் அபூ பக்ரும் அவருடைய மருமகளான, அதாவது சகோதரியின் மகளான, அந்த இளம் வைத்தியரும் மராக்கிஷில் இறந்தபோது, பொறாமை கொண்ட அமைச்சர் ஒருவர் நஞ்சூட்டினார் என்று இப்னு அபீ உஸைபிஆ எழுதியிருக்கிறார். முஸ்லிம் பெண் மருத்துவம் படிப்பது புதிய பழக்கம் என்று எண்ணுவோர் இந்தத் தாயையும் மகளையும் நினைத்துப் பார்க்க வேண்டும். 12ஆம் நூற்றாண்டிலேயே அது ஒரு குடும்பத்தின் வழக்கமாக இருந்திருக்கிறது.

அத்தைஸீர் 1280இல் வெனிஸ் நகரில், ஹீப்ரு மொழிவழியாக லத்தீனுக்குப் போனது. அச்சு இயந்திரம் வந்தபின் 1490இல் அதே நகரில் அச்சேறியது. ஐரோப்பிய மருத்துவ மாணவர்கள் நீண்ட காலம் அதை வாசித்தார்கள். 1790இல் ஸ்கொட்லாந்து வைத்தியர் ஜோன் ஹண்டர், விலாங்கு மீனின் தோலைத் திமிங்கில எலும்பின் மேல் சுற்றி நெகிழும் குழாய் செய்து, விழுங்க முடியாத நோயாளி ஒருவருக்கு உணவு கொடுத்தார். வெள்ளிக் குழாய் வளையாது, தோல் குழாய் வளையும். பிறகு இறப்பர் வந்தது. நம் மலைநாட்டில் பால் வெட்டும் அதே இறப்பர் நோயாளியின் தொண்டைக்கு வெள்ளியைவிட இதமாக இருந்தது. இன்று மென்மையான பிளாஸ்டிக்கும் சிலிக்கனும் பயன்படுகின்றன.

தொண்டையே முற்றாக அடைபட்டால் என்ன செய்வது? வயிற்றுச் சுவரில் துளையிட்டு நேரே இரைப்பைக்குக் குழாய் வைக்கலாம் என்று 19ஆம் நூற்றாண்டில் சிந்தித்தனர். 1849இல் பிரான்சின் செடிலோ இதை மனிதரில் முதலில் செய்தார். அவருடைய நோயாளிகள் பிழைக்கவில்லை. 1876இல் பாரிஸில் வெர்னய் செய்த சத்திரசிகிச்சையில்தான் நோயாளி பிழைத்தார். 1895இல் ஜேர்மனியின் ரொண்ட்ஜன் எக்ஸ் கதிரைக் கண்டுபிடித்தார். அடுத்த ஆண்டே அமெரிக்காவில் வால்டர் கெனன் என்ற மருத்துவ மாணவர், கதிரைத் தடுக்கும் பிஸ்மத் கலந்த உணவை விலங்குகளுக்குக் கொடுத்து, அது இறங்கும் வழியைத் திரையில் பார்க்கத் தொடங்கினார். குடத்தை உடைக்காமலே உள்ளே பார்க்கும் காலம் பிறந்தது.

1979இல் அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரில் கவுடரர், பொன்ஸ்கி என்ற இரு வைத்தியர்கள், வயிற்றை வெட்டித் திறக்காமல், வாய்வழியாக அகநோக்கியைச் செலுத்தி அதன் ஒளியைக் கொண்டு இடம் பார்த்து, ஒரு குழந்தையின் இரைப்பைக்குக் குழாய் வைத்தனர். ஆனால் புற்றுநோய் தொண்டையை அடைத்திருந்தால் அகநோக்கியும் உள்ளே போகாது. அத்தகையவர்களுக்காக 1980களின் தொடக்கத்தில் படத்தின் வழிகாட்டலில் குழாய் வைக்கும் முறை வந்தது.

அது நடக்கும் விதம் இதுதான். மூக்கு வழியாக மெல்லிய குழாய் ஒன்றைச் செலுத்தி இரைப்பைக்குள் காற்றை நிரப்புவார்கள். இரைப்பை பலூன் போல உப்பி வயிற்றுச் சுவரை ஒட்டி நிற்கும். ஈரல் எங்கே இருக்கிறது என்பதை ஸ்கேன் காட்டும். பெருங்குடல் எங்கே கிடக்கிறது என்பதை எக்ஸ் கதிர்த் திரை காட்டும். இரண்டையும் தவிர்த்து இடத்தைத் தெரிவுசெய்து, அந்த இடத்தை மட்டும் விறைக்கச் செய்து ஊசியை இறக்குவார்கள். திரையில் தெரியும் சாயத்தை ஊசியால் செலுத்தி, அது இரைப்பைக்குள் பரவுகிறதா என்று பார்ப்பார்கள். இரைப்பையை வயிற்றுச் சுவரோடு சேர்த்துப் பிடிக்கச் சிறு நங்கூரங்கள் போன்ற தையல்களும் இடுவதுண்டு. ஊசிக்குள்ளால் மெல்லிய கம்பியை விட்டு, கம்பியின் மேலாகத் துளையைச் சிறிது சிறிதாகப் பெரிதாக்கி, கடைசியில் உணவுக் குழாயை வைப்பார்கள். நோயாளிக்குப் பெரும்பாலும் முழு மயக்கம் தேவைப்படாது. ஒவ்வொரு படியையும் கண் பார்க்க, கை செய்கிறது.

இலங்கையில் ஆண்களிடையே மிகுதியாகக் காணப்படுவது வாய்ப் புற்றுநோய். வெற்றிலையோடு பாக்கும் புகையிலையும் சேர்த்து மெல்லும் பழக்கம் அதற்கு முக்கிய காரணம். நம் மாத்தளை மாவட்டத்தின் கிராமங்களிலும் தோட்டங்களிலும் இந்தப் பழக்கம் இன்னும் இருக்கிறது. கலியாண வீட்டில் வெற்றிலைத் தட்டம் மரியாதையின் அடையாளமாக வைக்கப்படுகிறது. அதில் புகையிலையையும் பாக்கையும் வைக்காமல் விடுவது, எந்தக் குழாயையும்விடச் சிறந்த சிகிச்சை.

ஆயினும் நோய் வந்துவிட்டால் பெற்றோரும் பிள்ளைகளும் அறிந்திருக்க வேண்டியவை சில உண்டு. சில வாரங்களுக்கு என்றால் மூக்கு வழிக் குழாய் போதும். நீண்ட காலம் என்றால் வயிற்று வழிக் குழாய் பற்றி வைத்தியரிடம் கேட்கலாம். மூக்குக் குழாய் சரியான இடத்தில் இருக்கிறதா என்று உறுதிசெய்யாமல் அதில் எதையும் ஊற்றக் கூடாது, ஏனெனில் அது தவறி நுரையீரலுக்குள் போவதுண்டு. உணவு கொடுக்கும்போது நோயாளியின் தலைப்பக்கம் உயர்ந்திருக்க வேண்டும். பார்க்க வருகிறவர்கள் பாசத்தினால் ஒரு வாய் ஊட்ட விரும்பினால், முதலில் தாதியிடம் கேட்க வேண்டும். நோயின் கடைசிக் கட்டத்தில் குழாய் நன்மையைவிட வேதனையையே தரக்கூடும். அப்போது வைத்தியரோடும் மார்க்க அறிஞர்களோடும் ஆலோசித்து முடிவெடுப்பதும் நோயாளியின் உரிமையைப் பேணுவதே.

பசித்தவருக்கு உணவளிப்பது நம் மார்க்கம் வலியுறுத்தும் நற்செயல். பசித்திருந்தும் விழுங்க முடியாதவருக்கு உணவளிப்பது அதைவிடக் கடினமானது. அதற்கு அன்போடு அறிவும் வேண்டும். இப்னு ஸுஹ்ரிடம் இரண்டும் இருந்தன. அவர் சொன்ன மூன்று வழிகளில் ஒன்றே காலத்தை வென்றது. அந்த ஒன்று எத்தனையோ ஊர்களில் எத்தனையோ உயிர்களைத் தாங்கிக்கொண்டிருக்கிறது. அவர் மகளைப் போலவும் பேத்தியைப் போலவும் நோயாளியின் படுக்கை அருகே நிற்கும் வைத்தியர்களும் தாதியரும் கதிரியக்கத் துறையினரும் நம் கல்லூரியிலிருந்தும் உருவாகட்டும். அல்லாஹ் அன்னாரின் பணியை ஏற்றுக்கொள்வானாக.